தப்பு விடைக்குள் இருக்கும் கணக்கு

இரண்டாம் வகுப்புக் குழந்தை ஒன்றின் கணக்கு நோட்டை இப்படி வைத்துக்கொள்வோம்.

52 − 28 = 36
71 − 35 = 44
63 − 19 = 56
84 − 52 = 32

முதல் மூன்றின் மேலும் சிவப்பு மையில் அடித்திருக்கிறது. கடைசிக்கு மட்டும் ‘சரி’. நாலுக்கு ஒன்று. கீழே, ‘கவனமாகப் போடவும்’ என்று ஒரு வரி.

உண்மையில் இந்தக் குழந்தை மிகவும் கவனமாகத்தான் போட்டிருக்கிறது. ஒன்றாம் இடத்தில் 2, 8. பெரியதிலிருந்து சின்னதைக் கழித்தால் 6. பத்தாம் இடத்தில் 5, 2. கழித்தால் 3. விடை 36. அடுத்த இரண்டு கணக்கிலும் அதே விதி, ஓர் இடத்தில்கூடப் பிசகாமல் வந்திருக்கிறது. நான்காவது கணக்கில் மேலே இருந்த இலக்கங்கள் இரண்டுமே பெரியவையாக அமைந்துவிட்டதால், அந்த விதியே தற்செயலாகச் சரியான விடையைத் தந்துவிட்டது. குழந்தையின் மனத்தில் நடந்ததை வைத்துப் பார்த்தால் அந்தச் ‘சரி’யும் தப்புதான்.

இந்த விதி எங்கிருந்து வந்திருக்கும்? ‘சின்ன எண்ணிலிருந்து பெரிய எண்ணைக் கழிக்க முடியாது’ என்று யாராவது சொல்லிக்கொடுத்திருப்பார்கள். குழந்தை அதைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு, அப்படியானால் பெரியதிலிருந்தே கழித்துவிடலாம் என்று முடிவுகட்டியிருக்கும். சொல்லிக்கொடுத்தது வீண்போகவில்லை. சொல்லிக்கொடுத்தவர் நினைத்துப்பார்க்காத இடத்தில் போய் உட்கார்ந்துவிட்டது, அவ்வளவுதான்.

ஜான் சீலி பிரவுன், ரிச்சர்ட் பர்ட்டன் என்ற இரு ஆய்வாளர்கள் 1978இல் பிள்ளைகளின் கழித்தல் தவறுகளை இப்படித்தான் அணுகினார்கள். கணினி நிரலில் ஒரு வரி பிசகினால் நிரல் ஒவ்வொரு முறையும் ஒரே மாதிரி தவறான விடையைத் தரும். பிள்ளைகளின் தவறுகளில் பலவும் அந்த வகைதான், குருட்டாம்போக்கில் வருபவை அல்ல என்று காட்டினார்கள். பிசகிய விதியைக் கண்டுபிடித்துவிட்டால், அந்தப் பிள்ளை அடுத்த கணக்குக்கு என்ன தப்பு விடை எழுதும் என்பதையே முன்கூட்டிச் சொல்லிவிடலாம்.

‘கவனமாகப் போடவும்’ என்பதைப் படித்துவிட்டு அந்தக் குழந்தை என்ன செய்யும்? இன்னும் கவனமாக, அதே விதியைப் போடும்.

தொடக்கப் பள்ளி ஆசிரியருக்கு உளவியல் எதற்கு என்று கேட்டால், என் பதில் இந்த நோட்டுதான். பிள்ளைகளை அடக்கி உட்காரவைக்கும் வித்தைகளும் ஆர்வமூட்டும் தந்திரங்களும் அதற்கு அடுத்தபடிதான். வகுப்பறையில் கண்ணுக்குத் தெரிவது ஒன்று, பிள்ளையின் மனத்தில் நடப்பது வேறொன்று. தப்பு விடை யோசனையின் விளைவாக இருக்கலாம். சரியான விடை யோசிக்காமலே வந்திருக்கலாம். மௌனம் சிந்தனையாக இருக்கலாம். கவனமின்மை என்று நாம் பெயர் வைத்தது, இடம் போதாமல் நிரம்பி வழிந்த நினைவாக இருக்கலாம். இந்த இடைவெளியைப் பார்க்கக் கண் பழகுவதுதான் முதல் பயன்.

இன்னோர் எடுத்துக்காட்டு. 8 + 4 = □ + 5. கட்டத்தில் என்ன வரும்? அமெரிக்கத் தொடக்கப் பள்ளிகளில் இந்தக் கேள்வியைக் கேட்டு 1999இல் வெளியான ஓர் ஆய்வில், 7 என்று சரியாகச் சொன்னவர்கள் எந்த வகுப்பிலும் பத்து சதவீதத்தைத் தாண்டவில்லை. பெரும்பாலோர் சொன்னது 12. அதற்கு அடுத்து 17. மேல்வகுப்புக்குப் போனதாலும் இது சரியாகிவிடவில்லை. காரணம் எளிது. பிள்ளைகள் பார்த்த அத்தனை கணக்கிலும் இடப்பக்கம் கூட்டல், வலப்பக்கம் காலியிடம். ஆயிரம் முறை பார்த்தபின் ‘=’ என்ற குறிக்கு ‘விடையை இங்கே எழுது’ என்று பொருளாகிவிடுகிறது. இரண்டு பக்கமும் ஒன்று என்பதை அந்தக் குறி ஒருபோதும் அவர்களிடம் சொன்னதில்லை. 12 = 8 + 4 என்று அவ்வப்போது திருப்பி எழுதிக்காட்டுவதற்குச் செலவு ஒன்றுமில்லை. அதைச் செய்யாமல் விட்டால், பின்னால் இயற்கணிதம் வரும்போது அந்தப் பிள்ளை தடுமாறி நிற்கும்.

கேள்வி கேட்கும் விதமே விடையை மாற்றிவிடுவதும் உண்டு. குழந்தைகளின் சிந்தனை வளர்ச்சியை ஆராய்ந்த சுவிஸ் உளவியலாளர் ஜீன் பியாஜேயின் புகழ்பெற்ற சோதனை ஒன்றில் இரண்டு வரிசைகளில் சம எண்ணிக்கையில் வில்லைகளை அடுக்கி, ‘ரெண்டுலயும் ஒரே அளவா இருக்கா?’ என்று கேட்பார்கள். குழந்தை ஆமாம் என்னும். பிறகு ஒரு வரிசையை மட்டும் அகலமாகப் பரப்பிவிட்டு அதே கேள்வியைத் திரும்பக் கேட்டால், ஐந்து வயதுப் பிள்ளைகளில் பலர் நீளமான வரிசையில்தான் அதிகம் என்று சொல்லிவிடுவார்கள். எண்ணிக்கை மாறாது என்ற அறிவு அந்த வயதில் வரவில்லை என்பது பியாஜேயின் முடிவு. ஜேம்ஸ் மெக்காரிகலும் மார்கரெட் டொனால்ட்சனும் 1970களின் நடுவில் ஒரே ஒரு மாற்றம் செய்து பார்த்தார்கள். வரிசையைக் கலைத்தது பெரியவர் அல்ல, ஒரு குறும்புக்காரக் கரடி பொம்மை. இப்போது பெரும்பாலான பிள்ளைகள் ‘அதே அளவுதான்’ என்றார்கள். பெரியவர் ஒருவர் வேண்டுமென்றே எதையோ மாற்றிவிட்டு அதே கேள்வியை மறுபடி கேட்டால், ஏதோ மாறியிருக்க வேண்டும், விடையும் மாற வேண்டும் என்று பிள்ளை ஊகிக்கிறது. கரடி பொம்மை கவனத்தைத் திருப்பிவிட்டது, அதனால்தான் பழைய விடையே வந்தது என்று பின்னால் வந்த சிலர் மறுத்தார்கள். அந்த வாதத்தை ஒதுக்கிவிட முடியாது. ஆனால் சரியான விடை சொன்ன பிள்ளையிடம் ‘நல்லா யோசிச்சுச் சொல்லு’ என்று ஒரு முறை சொல்லிப் பாருங்கள். உடனே விடையை மாற்றிக்கொள்ளும். பிள்ளைகள் கேள்வியை மட்டும் படிப்பதில்லை, கேட்பவரையும் சேர்த்தே படிக்கிறார்கள்.

இந்த வகையில் எனக்கு மிகவும் பிடித்த ஆய்வு மேரி பட் ரோவ் செய்தது. தொடக்கப் பள்ளி அறிவியல் வகுப்புகளின் ஒலிப்பதிவுகளைக் கேட்டு, ஆசிரியர் கேள்வி கேட்டபின் எவ்வளவு நேரம் காத்திருக்கிறார் என்று அவர் அளந்தார். சராசரியாக ஒரு விநாடி. அதற்குள் விடை வராவிட்டால் கேள்வி அடுத்த பிள்ளைக்குப் போய்விடும், அல்லது ஆசிரியரே விடையைச் சொல்லிவிடுவார். அந்த ஒரு விநாடியை மூன்றாக நீட்டச் சொன்னபோது விடைகள் நீண்டன. ‘தெரியாது’ குறைந்தது. பிள்ளைகள் தாங்களாகவே கேள்வி கேட்கத் தொடங்கினார்கள். மந்தம் என்று கருதப்பட்டவர்களும் வாய்திறந்தார்கள். விடை வந்த பிறகும் கொஞ்சம் பேசாமல் இருந்தால், பிள்ளை தன் விடையைத் தானே வளர்த்துச் சொன்னது. மூன்று விநாடி என்பது படிக்கும்போது சின்ன விஷயம். நாற்பது பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருக்கையில் அந்த மூன்று விநாடி மௌனத்தைத் தாங்குவது எவ்வளவு கடினம் என்பது நின்று பார்த்தவர்களுக்குத்தான் தெரியும்.

மேசை சின்னது

‘எல்லாரும் பழைய நோட்டை உள்ளே வைங்க, புது நோட்டை எடுங்க, புத்தகத்துல 34ஆம் பக்கம் மூணாவது கணக்கைப் பாருங்க, பென்சில்ல மட்டும் எழுதுங்க.’

பெரும்பாலான பிள்ளைகள் இதைச் செய்துவிடுவார்கள். ஒரு பிள்ளை பழைய நோட்டை உள்ளே வைத்துவிட்டுச் சும்மா உட்கார்ந்திருக்கும். இன்னொன்று பக்கத்துப் பிள்ளையின் நோட்டை எட்டிப்பார்க்கும். ‘சொல்றது காதுல விழுதா இல்லையா?’

விழுகிறது. தங்கவில்லை. ஒரு வேலையைச் செய்துகொண்டிருக்கும்போதே அதற்கு வேண்டியதை மனத்தில் பிடித்து வைத்திருக்கும் திறனைச் செயல்படு நினைவு என்கிறார்கள். ஆலன் பேடலியும் கிரகாம் ஹிட்சும் 1974இல் முன்வைத்த கருத்து இது. மனத்தின் எழுதுமேசை என்று நினைத்துக்கொள்ளலாம். அலமாரி எவ்வளவு பெரிதாக இருந்தாலும் மேசை சின்னது. பெரியவர்களுக்கே அதில் ஏழு பொருள், இரண்டு கூடலாம் குறையலாம் என்று 1956இல் ஜார்ஜ் மில்லர் சொன்னார். நெல்சன் கோவன் 2001இல் அதைச் சுமார் நான்காகக் குறைத்தார். பிள்ளைகளுக்கு அதைவிடக் குறைவு. ஒரே வகுப்பில் ஒரே வயதில் இருக்கும் பிள்ளைகளுக்கு இடையிலும் பெரிய வேறுபாடு உண்டு. இங்கிலாந்தில் சூசன் கேத்தர்கோலும் அவருடன் இருந்தவர்களும் மேசை மிகச் சின்னதாக உள்ள பிள்ளைகளை வகுப்பறையிலேயே கவனித்தார்கள். கட்டளைகளைப் பாதியில் மறப்பார்கள். கரும்பலகையைப் பார்த்து எழுதும்போது எந்தச் சொல்லில் நின்றோம் என்பதைத் தவறவிடுவார்கள். பல படிகள் உள்ள வேலையை நடுவில் கைவிடுவார்கள். ஆசிரியர்கள் இவர்களைப் பற்றி ‘நினைவுக் குறைவு’ என்று சொல்வது அரிது. கனவு காண்கிறான், கவனமே இல்லை, ஒரு காதில் வாங்கி மறுகாதில் விடுகிறான் என்பார்கள்.

இது ஒரு பெயர்ச் சிக்கல் மட்டுமாக இருந்தால் விட்டுவிடலாம். ‘கவனமில்லை’ என்ற பெயருக்கு மருந்து அதட்டல். ‘மேசை நிரம்பிவிட்டது’ என்றால் மருந்து வேறு. கட்டளையை இரண்டு இரண்டாகப் பிரிக்கலாம். பக்க எண்ணைப் பலகையில் எழுதிவிடலாம். என்ன செய்யப்போகிறாய் என்று பிள்ளையையே ஒரு முறை சொல்லவைக்கலாம். அதட்டல் மேசையை இன்னும் சுருக்கிவிடும், ஏனென்றால் பயமும் அந்த மேசையின் மேல்தான் வந்து உட்காருகிறது. கணக்கைக் கண்டு அஞ்சும் முதல், இரண்டாம் வகுப்புப் பிள்ளைகளை ஆராய்ந்து 2013இல் வெளியான ஆய்வு ஒன்று வேதனையான ஒன்றைச் சொல்கிறது: செயல்படு நினைவு நன்றாக உள்ள பிள்ளைகளின் மதிப்பெண்ணைத்தான் அந்த அச்சம் அதிகம் தின்றது. நன்றாகச் செய்யக்கூடிய பிள்ளையையே பயம் முதலில் முடக்குகிறது.

வாசிப்பிலும் இதே மேசைதான். ‘தண்ணீர்’ என்ற சொல்லை எழுத்துக்கூட்டி வாசிக்கும் பிள்ளையின் பக்கத்தில் உட்கார்ந்து கேளுங்கள். த... ண்... ணீ... கடைசி ‘ர்’-க்கு வருவதற்குள் முதல் எழுத்து மேசையிலிருந்து நழுவியிருக்கும். சொல்லையே சேர்க்க முடியாத பிள்ளையிடம் பத்தியின் கருத்தைக் கேட்டு என்ன பயன்? எழுத்துகள் பார்த்தவுடன் ஒலியாக மாறும் அளவுக்குப் பழகிவிட்டால், அவற்றுக்கு மேசையில் இடமே வேண்டாம். காலியான இடத்தில் பொருள் வந்து உட்காரும். வாய்ப்பாட்டுக்கும் இதுதான் நியாயம். மனப்பாடம் என்றாலே பழைய கால வன்முறை என்று ஒதுக்குபவர்களோடு இந்த இடத்தில் என்னால் ஒத்துப்போக முடியவில்லை. பொருள் புரியாமல் உருப்போடவைப்பது கொடுமைதான். புரிந்த ஒன்றைத் தானாக வரும்வரை பழக்குவது அந்தப் பிள்ளைக்குச் செய்யும் உதவி.

சுவரையும் கொஞ்சம் பார்க்க வேண்டும். மழலையர் வகுப்புப் பிள்ளைகளைச் சுவர் முழுக்கப் படங்கள் ஒட்டிய அறையிலும், வெறும் சுவர் அறையிலும் மாற்றி மாற்றி உட்காரவைத்து ஒரே ஆசிரியரைப் பாடம் நடத்தச் சொன்ன ஆய்வு 2014இல் வந்தது. படங்கள் நிறைந்த அறையில் பிள்ளைகளின் கவனம் கூடுதலாகச் சிதறியது. பாடத்திலிருந்து கேட்ட கேள்விகளுக்குச் சரியான விடை அங்கே 42 சதவீதம், வெறும் சுவர் அறையில் 55 சதவீதம். ஆய்வு சிறியது, அதனால் எல்லாவற்றையும் பிடுங்கிப்போட வேண்டாம். கரும்பலகையைச் சுற்றி உள்ள சுவரையாவது பாடத்துக்கு விட்டுவைக்கலாம்.

இன்றைக்குச் சரி, நாளைக்கு?

வகுப்பு முடியும் மணி அடிக்கும்போது எல்லாப் பிள்ளைகளும் சரியாகப் போடுகிறார்கள். ஆசிரியருக்கு மனம் நிறைகிறது. வாரம் கழித்துக் கேட்டால், அந்தப் பாடத்தை நடத்தவே இல்லை என்பதுபோல் விழிக்கிறார்கள். ‘அன்னைக்கு எல்லாம் தெரிஞ்சுதே!’ என்ற ஆதங்கம் எந்தப் பள்ளியிலும் கேட்கும் குரல்.

மறதி எப்படி வேலை செய்கிறது என்பதை ஹெர்மன் எபிங்ஹாஸ் தன்னையே சோதித்து 1885இல் எழுதிவைத்தார். பொருளற்ற அசைகளை மனப்பாடம் செய்து, எவ்வளவு நேரத்தில் எவ்வளவு மறக்கிறது என்று கணக்கிட்டார். மறதி சீராக வருவதில்லை. முதல் சில மணி நேரத்திலேயே பெரும்பகுதி போய்விடுகிறது, பிறகு மெல்ல மெல்ல. பொருளோடு படிப்பது இவ்வளவு வேகமாக மறக்காது என்றாலும் போகும் திசை ஒன்றுதான். ஆகவே ஒரே நாளில் முப்பது கணக்கு போடவைப்பதைவிட, பத்துப் பத்தாக மூன்று நாளில் இடைவெளி விட்டுப் போடவைப்பது நீண்ட நாள் நிற்கும்.

கெல்லி டெய்லரும் டக் ரோரரும் நான்காம் வகுப்புப் பிள்ளைகளிடம் செய்து 2010இல் வெளியிட்ட ஆய்வு இன்னும் கூர்மையானது. கனவடிவங்களைப் பற்றிய நான்கு வகைக் கணக்குகள். பாதிப் பேர் ஒரு வகையை முடித்துவிட்டு அடுத்த வகைக்குப் போனார்கள், நம் பாடநூல் பயிற்சிகளைப் போல. மற்றவர்களுக்கு நான்கும் கலந்து வந்தன. பயிற்சியின்போது, கலந்து போட்டவர்கள்தான் அதிகம் தடுமாறினார்கள். மறுநாள் தேர்வில் அவர்கள் 77 சதவீதம். வரிசையாகப் போட்டவர்கள் 38. வரிசையாகப் போடும்போது எந்த முறையைப் பயன்படுத்துவது என்று யோசிக்க வேண்டிய தேவையே இல்லை, தலைப்பே சொல்லிவிடுகிறது. தேர்விலும் வாழ்க்கையிலும் கணக்குகள் தலைப்போடு வருவதில்லை. இப்படித் தடுமாறவைத்தே நிலைக்கவைக்கும் பயிற்சிகளுக்கு ராபர்ட் பியார்க் ‘விரும்பத்தக்க கடினம்’ என்ற பொருளில் ஒரு பெயர் வைத்தார். ஆசிரியருக்கு இதில் உள்ள சோதனை என்னவென்றால், நல்ல முறை வகுப்பில் மோசமாகத் தெரியும். மேற்பார்வைக்கு வருபவர் கண்ணுக்கும் அப்படித்தான் தெரியும்.

படித்ததைத் திரும்பப் படிப்பதைவிட, புத்தகத்தை மூடிவிட்டு நினைவிலிருந்து எடுப்பது அதிக நாள் நிற்கும் என்பதும் இதே குடும்பம். வகுப்பைத் தொடங்கும்போது ஐந்து நிமிடம், போன வாரப் பாடத்திலிருந்து மூன்று கேள்வி, விடையைத் தாளில் எழுதி அவரவரே சரிபார்த்துக்கொள்வது. மதிப்பெண் கூடாது. மதிப்பெண் வந்துவிட்டால் பயம் வந்து மேசையில் உட்கார்ந்துவிடும், முன்னே சொன்னேனே.

பாராட்டைப் பற்றிச் சுருக்கமாக. படம் வரைவதில் ஆசையுள்ள மழலையர் சிலருக்குச் சான்றிதழ் தருவதாக முன்கூட்டியே சொல்லி வரையவைத்தார்கள் லெப்பர், கிரீன், நிஸ்பெட் (1973). ஒன்றிரண்டு வாரம் கழித்து, யாரும் எதுவும் தராத நேரத்தில், மற்றப் பிள்ளைகள் வரைந்ததில் பாதி நேரம்தான் இவர்கள் வரைந்தார்கள். விளையாட்டு, கூலி வேலையாகிவிட்டது. சான்றிதழை எதிர்பாராமல் பெற்றவர்களுக்கு இந்த இழப்பு இல்லை. ஏற்கெனவே பிடித்த வேலைக்குப் பரிசை முன்னால் தொங்கவிடாமல் இருப்பது நல்லது. பிடிக்காத வேலையைத் தொடங்கிவைக்கப் பரிசு உதவலாம், அது வேறு.

‘நீ ரொம்பப் புத்திசாலி’ என்று புகழப்பட்ட பிள்ளைகள் அடுத்து எளிய வேலையையே நாடினார்கள், முயற்சிக்காகப் புகழப்பட்டவர்கள் கடினமானதைத் தேர்ந்தார்கள் என்று கேரல் டுவெக்கும் கிளாடியா முல்லரும் 1998இல் காட்டினார்கள். அதிலிருந்து கிளைத்த, திறமை முயற்சியால் வளரும் என்ற ‘வளர்ச்சி மனப்பான்மை’ உலகமெங்கும் சுவரொட்டியானது. இங்கிலாந்தில் நூற்றுக்கு மேற்பட்ட பள்ளிகளில் அதற்கெனப் பாடங்கள் நடத்திப் பார்த்த சோதனையின் முடிவு 2019இல் வந்தபோது, பிள்ளைகளின் தேர்ச்சியில் கூடுதல் முன்னேற்றம் தெரியவில்லை. ஒரு நல்ல கருத்து, சுவரொட்டி ஆனதும் மந்திரமாகிவிடாது. காட்சி வழி கற்பவர், கேட்டல் வழி கற்பவர், செயல் வழி கற்பவர் என்று பிள்ளைகளைப் பிரிக்கும் பழக்கத்துக்கோ அவ்வளவு ஆதாரம்கூட இல்லை. 2008இல் நான்கு உளவியலாளர்கள் ஆய்வுகளை அலசி, அந்தப் பிரிவுக்கு ஏற்ப நடத்தினால் பிள்ளை அதிகம் கற்கிறது என்பதற்குப் போதிய சான்று இல்லை என்றார்கள். பயிற்சி வகுப்புகளில் இன்னமும் அதைச் சொல்லிக்கொடுக்கிறார்கள் என்பது வருத்தம் தருகிறது. ஒரு பிள்ளைக்கு ‘இவன் காதால் கற்பவன்’ என்று முத்திரை குத்துவது, அதற்குப் பல கதவுகளைச் சாத்துவது.

அமெரிக்க உளவியலாளர் வில்லியம் ஜேம்ஸ் 1899இலேயே ஆசிரியர்களை எச்சரித்தார். உளவியல் ஓர் அறிவியல், கற்பித்தல் ஒரு கலை, அறிவியலிலிருந்து கலை நேராகப் பிறந்துவிடாது, நடுவில் ஒரு மனம் நின்று பொருத்திப் பார்க்க வேண்டும் என்றார். அந்த நடு மனம் ஆசிரியருடையது.

டேவிட் வுட், ஜெரோம் புரூனர், கெயில் ராஸ் மூவரும் 1976இல் எழுதிய கட்டுரையில், மரக்கட்டைகளை அடுக்கிப் பிரமிடு செய்யும் சின்னக் குழந்தைகளுக்கு ஒருவர் எப்படி உதவுகிறார் என்று பார்த்தார்கள். அந்த உதவிக்கு அவர்கள் வைத்த பெயர் ‘சாரம்’, கட்டடத்துக்குக் கட்டுவோமே, அதே சாரம்தான். கட்டடம் எழும்பும் அளவுக்கு ஏற்றிக் கட்ட வேண்டும். நின்றபின் அவிழ்த்துவிட வேண்டும். அவிழ்க்காத சாரமும் குறைதான், கட்டாத சாரமும் குறைதான்.

நாலுக்கு ஒன்று வாங்கிய அந்த நோட்டுக்குத் திரும்புவோம். ஆசிரியர் இந்த முறை எதையும் அடிக்கவில்லை. முதல் கணக்கைச் சுட்டி, ‘இதை எப்படிப் போட்டே, சொல்லு’ என்கிறார். திட்டு விழுமோ என்று ஒரு நொடி முகத்தைப் பார்த்துவிட்டு, ‘எட்டுலேருந்து ரெண்டு போனா ஆறு. அஞ்சுலேருந்து ரெண்டு போனா மூணு’ என்கிறது குழந்தை. ஆசிரியர் ஐந்து கட்டுக் குச்சிகளை மேசையில் வைக்கிறார், கட்டுக்குப் பத்து. பக்கத்தில் இரண்டு உதிரிக் குச்சி.

‘உங்கிட்ட 52 குச்சி இருக்கு. எனக்கு எட்டு குடு.’

குழந்தை உதிரியாகக் கிடக்கும் இரண்டையும் எடுத்துக் கொடுக்கிறது. பிறகு நிறுத்துகிறது. உதட்டைக் கடித்துக்கொண்டு கட்டுகளைப் பார்க்கிறது, ஆசிரியரைப் பார்க்கிறது. அவர் எதுவும் சொல்லவில்லை. ஒன்று, இரண்டு, மூன்று விநாடி. அதன் கை மெல்லப் போய் ஒரு கட்டின் ரப்பர் பேண்டைக் கழற்றத் தொடங்குகிறது.